மார்கோ மெட்டராஸி: சென்னைக்கு வந்த தடுப்பாட்டக்காரர்

மார்கோ மெட்டராஸி (பிறப்பு: 19 ஆகஸ்ட் 1973) இத்தாலிய நாட்டுக் கால்பந்து வீரர், தடுப்பாட்டக்காரர். 2006ஆம் ஆண்டு உலகக் கோப்பையை வென்ற இத்தாலி அணியில் இடம்பெற்றவர். 2014 முதல் 2016 வரை மூன்று பருவங்களுக்குச் சென்னையின் எஃப்.சி. அணியின் தலைமைப் பயிற்சியாளராக இருந்தவர். முதல் பருவத்தில் அதன் வீரராகவும் களம் இறங்கியவர். இவருடைய பொறுப்பில்தான் சென்னை அணி 2015 டிசம்பரில் முதன்முறையாக இந்தியன் சூப்பர் லீக் கோப்பையை வென்றது. தாம்பரமும் முடிச்சூரும் வரதராஜபுரமும் வெள்ளத்தில் மூழ்கிய அதே டிசம்பர் அது.

இவர் பெயரைக் கேட்டதும் உலகில் பெரும்பாலோருக்கு ஒரே ஒரு காட்சிதான் நினைவுக்கு வரும். 2006 இறுதி ஆட்டத்தில் பிரான்சு அணித்தலைவர் ஜினடின் ஜிடேன் இவருடைய மார்பில் தலையால் முட்டியதும், இவர் மல்லாந்து விழுந்ததும் அந்தக் காட்சி. அது சில நொடிகளில் நடந்து முடிந்தது. அதற்கு முன்னும் பின்னும் இருபது ஆண்டுக்கு மேற்பட்ட ஆட்ட வாழ்க்கை இருக்கிறது. அதன் கடைசிப் பகுதி நம் ஊரில் கழிந்தது. அந்த முழு வாழ்க்கையையும் வரிசைப்படுத்திப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

தடுப்பாட்டக்காரரின் வேலை

கால்பந்து அணியில் பதினொரு பேர். எதிரணியின் கோல் பக்கம் ஆடுபவர்கள் முன்கள வீரர்கள். தம் கோல் பக்கம் நின்று எதிரிகளைத் தடுப்பவர்கள் தடுப்பாட்டக்காரர்கள். நம் ஊர் மைதானங்களில் இவர்களை ‘பேக்’ என்றும், நடுவில் நிற்பவரை ‘ஸ்டாப்பர்’ என்றும் அழைப்பது வழக்கம். மெட்டராஸி ஒரு ஸ்டாப்பர். உயரம் 1.93 மீட்டர்.

பள்ளிக்கூட மைதானத்தில் அணி பிரிக்கும்போது கவனித்திருப்பீர்கள். முன்னால் ஆட எல்லாரும் போட்டி போடுவார்கள். மிஞ்சிய பையனை, “நீ பேக்ல நில்லு” என்று அனுப்பிவிடுவார்கள். அவன் முகம் சுருங்கிவிடும். அதற்குக் காரணமும் உண்டு. முன்கள வீரர் பத்து வாய்ப்புகளில் ஒன்பதை வீணாக்கிவிட்டு ஒரே ஒரு கோல் போட்டால் அவரைத் தோளில் தூக்கிக் கொண்டாடுவார்கள். தடுப்பாட்டக்காரர் பத்து ஆபத்துகளில் ஒன்பதைத் தடுத்துவிட்டு ஒன்றைக் கோட்டைவிட்டால் அந்த ஒன்றைத்தான் பேசுவார்கள். அவர் சரியாகச் செய்த வேலை ஆட்டக் குறிப்பில் ஏறுவதில்லை. தவறு மட்டும் பெனால்ட்டியாகவும், சிவப்பு அட்டையாகவும், சேம்சைடு கோலாகவும் பதிவாகிவிடும். மெட்டராஸியின் வாழ்க்கையைப் படிக்கும்போது இதை மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

இளமைக் காலம்

இத்தாலியின் தென்கோடியில் உள்ள லெச்சே நகரில் பிறந்தார். தந்தை ஜுசெப்பே மெட்டராஸி கால்பந்துப் பயிற்சியாளர். லாசியோ உள்ளிட்ட பல அணிகளை நடத்தியவர். தந்தைக்கு வேலை மாறும்போதெல்லாம் குடும்பமும் ஊர் மாறியது. பதின்ம வயதில் மார்கோ தாயை இழந்தார்.

தந்தை பெயர் பெற்ற பயிற்சியாளர் என்பதால் மகனுக்குப் பெரிய அணிகளின் கதவு உடனே திறந்துவிடவில்லை. இருபது வயதுக்குப் பிறகும் சிசிலித் தீவின் மர்சாலா, திராபானி போன்ற கீழ்நிலை அணிகளில்தான் ஆடினார். 1995இல் பெருஜியா அணி இவரை எடுத்தது. அங்கும் இடையில் ஒரு பருவம் கார்ப்பி என்ற சிறிய அணிக்கு இரவலாக அனுப்பப்பட்டார். இத்தாலியின் பெயர் பெற்ற தடுப்பாட்டக்காரர்கள் பலர் பதினெட்டு, பத்தொன்பது வயதிலேயே முதல்நிலை லீக்கில் வேரூன்றிவிட்டவர்கள். மெட்டராஸி அந்த வரிசையில் வந்தவர் அல்லர், படிப்படியாக ஏறியவர்.

எவர்டனில் ஓர் ஆண்டு

1998இல் இங்கிலாந்தின் எவர்டன் அணி இவரை வாங்கியது. அப்போது அங்கே மேலாளராக இருந்தவர் வால்டர் ஸ்மித். இவர் ஸ்காட்லாந்துக்காரர், தம் ஆட்டக்காலத்தில் டண்டீ யுனைடெட் அணிக்குத் தடுப்பாட்டக்காரராக ஆடியவர், பின்னர் கிளாஸ்கோவின் ரேஞ்சர்ஸ் அணிக்கு மேலாளராகிப் பல பட்டங்கள் வென்று தந்தவர். ஒரு பழைய ஸ்டாப்பரின் கண்ணில்தான் இந்த நெட்டை இத்தாலியர் பட்டிருக்கிறார்.

ஆனால் இங்கிலாந்து அவருக்கு ஒத்துவரவில்லை. அந்தப் பருவத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட முறை சிவப்பு அட்டை வாங்கி வெளியேறினார். உடலோடு உடல் மோதும் ஆட்டமும், சட்டென்று ஏறும் கோபமும் அவருடைய பெயரோடு அப்போதே ஒட்டிக்கொண்டன. ஒரே பருவத்தில் மீண்டும் பெருஜியாவுக்குத் திரும்பினார்.

பன்னிரண்டு கோல்

திரும்பி வந்த இரண்டாவது பருவத்தில், அதாவது 2000-01இல், அவர் செய்தது ஒரு சாதனை. இத்தாலியின் முதல்நிலை லீக்கான சீரி ஆவில் அந்தப் பருவத்தில் மட்டும் 12 கோல் போட்டார். பெனால்ட்டிகளும் அதில் அடக்கம். ஒரு தடுப்பாட்டக்காரர் ஒரே பருவத்தில் அத்தனை கோல் போட்டது அந்த லீக்கில் அதுவே முதல்முறை. அதற்கு முன் அர்ஜென்டினாவின் டேனியல் பசரெல்லா 1985-86இல் போட்ட 11 கோல்தான் உச்சமாக இருந்தது.

2001 ஏப்ரலில் இத்தாலி தேசிய அணிக்காக முதன்முறையாக ஆடினார். அப்போது வயது 27. அதே ஆண்டு இன்டர் மிலான் அணி அவரை ஒப்பந்தம் செய்தது.

இன்டர் மிலான் ஆண்டுகள்

இன்டர் அணியில் 2001 முதல் 2011 வரை பத்து ஆண்டுகள் ஆடினார். அக்காலத்தில் அந்த அணி ஐந்து இத்தாலிய லீக் பட்டங்களையும், 2010இல் ஐரோப்பிய சாம்பியன்ஸ் லீக் கோப்பையையும் பெற்றது. இந்த ஆண்டுகளிலிருந்து மூன்று நிகழ்ச்சிகளைச் சொன்னால் அவருடைய குணம் விளங்கும்.

முதலாவது, 12 ஏப்ரல் 2005. சாம்பியன்ஸ் லீக் காலிறுதியில் இன்டரும் ஏ.சி. மிலானும் மோதின. இரண்டும் ஒரே ஊர் அணிகள், பரம்பரைப் பகை. இன்டர் ரசிகர்கள் எரியும் தீவட்டிகளை மைதானத்துக்குள் வீசினார்கள். ஆட்டம் நின்றது. புகை சூழ்ந்த மைதானத்தைப் பார்த்தபடி, மிலான் அணியின் ரூய் கோஸ்டாவின் தோளில் கையை ஊன்றிக்கொண்டு மெட்டராஸி நிற்கும் புகைப்படம் உலகப் புகழ் பெற்றது. பகை அணிக்காரர்கள் இருவர், வேலை தடைப்பட்ட இரு தொழிலாளர்களைப் போல நிற்கிறார்கள்.

இரண்டாவது, சியனா அணிக்கு எதிரான இரண்டு ஆட்டங்கள். 22 ஏப்ரல் 2007 அன்று சியனாவை இன்டர் 2-1 என்று வென்று லீக் பட்டத்தை உறுதி செய்தது. இரண்டு கோலையும் போட்டவர் மெட்டராஸி. அடுத்த ஆண்டு மே மாதம் அதே சியனாவோடு மோதல். வென்றால் பட்டம். ஆட்டம் 2-2 என்று இருந்தபோது பெனால்ட்டி கிடைத்தது. உதைத்தவர் மெட்டராஸி, கோல்கீப்பர் தடுத்துவிட்டார். அடுத்த வாரம் பார்மாவில் வென்று இன்டர் பட்டம் பெற்றுவிட்டது என்றாலும், அந்த ஒரு வாரம் அவர் எப்படித் தூங்கியிருப்பார் என்று நாம் யோசித்துப் பார்க்கலாம்.

மூன்றாவது, 22 மே 2010. மாட்ரிட் நகரில் பேயர்ன் மியூனிக்கை 2-0 என்று வென்று இன்டர் சாம்பியன்ஸ் லீக்கைக் கைப்பற்றியது. 36 வயது மெட்டராஸி கடைசி நிமிடங்களில்தான் மாற்று வீரராக இறங்கினார். ஆட்டம் முடிந்த இரவில், அணியை விட்டுப் பிரியும் பயிற்சியாளர் ஜோசே மொரின்யோ அரங்கத்துக்கு வெளியே காரை நிறுத்தி இறங்கி வந்து மெட்டராஸியைக் கட்டிக்கொண்டார். இருவரும் அழுதார்கள். அந்தக் காட்சியும் படமாகியிருக்கிறது.

2006 உலகக் கோப்பை

ஜெர்மனியில் நடந்த அந்தப் போட்டிக்கு மெட்டராஸி மாற்று வீரராகவே போனார். முதல் இடம் அலெசாண்ட்ரோ நெஸ்டாவுக்கு உரியது. செக் குடியரசுக்கு எதிரான ஆட்டத்தில் நெஸ்டா காயமடைந்து வெளியேற, மெட்டராஸி உள்ளே வந்தார். வந்த சில நிமிடங்களில் கார்னர் பந்தைத் தலையால் முட்டிக் கோல் போட்டார். அடுத்ததாக ஆஸ்திரேலியாவுக்கு எதிராக 50ஆவது நிமிடத்தில் சிவப்பு அட்டை. மீதி நேரத்தைப் பத்துப் பேரோடு தாங்கி நின்ற இத்தாலி, கடைசி நொடிகளில் டோட்டி போட்ட பெனால்ட்டியால் பிழைத்தது. காலிறுதியில் அவருக்குத் தடை. அரையிறுதியில் ஜெர்மனிக்கு எதிராக மீண்டும் அணியில் இடம்.

9 ஜூலை 2006, பெர்லின். பிரான்சுக்கு எதிரான இறுதி ஆட்டம். 7ஆவது நிமிடத்தில் மெட்டராஸி மோதியதில் பிரான்சின் மலூடா விழ, நடுவர் பெனால்ட்டி கொடுத்தார். ஜிடேன் அதைக் கோலாக்கினார். 19ஆவது நிமிடத்தில் பிர்லோ அடித்த கார்னரை எம்பி முட்டி மெட்டராஸி சமன் செய்தார். கூடுதல் நேரத்தில், 110ஆவது நிமிடத்தில், இருவருக்கும் இடையே வாய்ச்சண்டை. விலகி நடந்த ஜிடேன் திரும்பி வந்து முட்டினார். சிவப்பு அட்டை பெற்றார். அதுவே ஜிடேனின் கடைசி ஆட்டம். பெனால்ட்டிச் சுற்றில் இத்தாலிக்காக இரண்டாவதாக உதைத்த மெட்டராஸி தவறவிடவில்லை. இத்தாலி 5-3 என்று வென்றது.

இறுதி ஆட்டத்தைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். எதிரணிக்குப் பெனால்ட்டி கொடுத்தவர், சமன் செய்த கோலைப் போட்டவர், ஜிடேனின் வெளியேற்றத்துக்குக் காரணமானவர், பெனால்ட்டிச் சுற்றில் கோல் போட்டவர் என நான்கும் ஒரே ஆள். நாட்டுக்காக அவர் ஆடியவை 41 ஆட்டங்கள். போட்ட கோல்கள் இரண்டு. இரண்டும் அந்த உலகக் கோப்பையில்தான்.

அவர் செய்ததை மறைக்கவும் வேண்டாம். ஜிடேனின் சகோதரியை அவமதித்துப் பேசியதை அவரே ஒப்புக்கொண்டார். தாயைப் பற்றி எதுவும் சொல்லவில்லை என்று உறுதியாக மறுத்தார். விசாரணைக்குப் பிறகு ஃபிஃபா ஜிடேனுக்கு மூன்று ஆட்டத் தடையும் 7,500 சுவிஸ் பிராங்க் அபராதமும், மெட்டராஸிக்கு இரண்டு ஆட்டத் தடையும் 5,000 சுவிஸ் பிராங்க் அபராதமும் விதித்தது. ஆனால் அந்தக் காட்சி அதோடு முடியவில்லை. 2012இல் அல்ஜீரியாவில் பிறந்த கலைஞர் அதெல் அப்தெஸ்ஸெமெத் அதை ஐந்து மீட்டர் உயர வெண்கலச் சிலையாக வடித்துப் பாரிஸ் நகரில் நிறுத்தினார். பின்னர் அது கத்தார் நாட்டுக்குப் போனது. ஒரு மனிதன் கீழே விழும் நொடிக்குச் சிலை வைக்கப்பட்டது வரலாற்றில் அடிக்கடி நடப்பதில்லை.

சென்னைக்கு வருகை

2014இல் இந்தியன் சூப்பர் லீக் எட்டு அணிகளோடு தொடங்கியது. ஒவ்வொரு அணியும் பெயர் பெற்ற வெளிநாட்டு வீரர்களை அழைத்துவந்தது. அபிஷேக் பச்சன், விடா தானி ஆகியோர் உரிமையாளர்களாகவும் மகேந்திர சிங் தோனி பங்குதாரராகவும் இருந்த சென்னையின் எஃப்.சி., ஆடும் பயிற்சியாளராக மெட்டராஸியை நியமித்தது. அவருக்கு அப்போது 41 வயது. மூன்றாண்டுகளாக எந்த அணிக்கும் ஆடாமல் இருந்தவர்.

கிரிக்கெட் ஊர் என்று பெயர் வாங்கிய சென்னைக்குக் கால்பந்து புதிதல்ல. வியாசர்பாடியிலும் பெரம்பூரிலும் அது தெருவாட்டம். ஆயினும் தென்புறநகரில் இருப்பவர்களுக்குப் பெரிய கால்பந்து என்பது தொலைக்காட்சியில் நள்ளிரவில் வருவது. அந்த ஆண்டு முதல் தாம்பரத்தில் மின்சார ரயில் ஏறிப் பூங்கா நிலையத்தில் இறங்கினால், நேரு விளையாட்டரங்கத்தில் உலகக் கோப்பை வென்றவர் ஒருவர் நிற்பதை நேரில் பார்க்கலாம் என்று ஆயிற்று.

அவர் தனியாக வரவில்லை. மான்செஸ்டர் யுனைடெட்டுக்கு ஆடிய மிக்கேல் சில்வெஸ்டர், பாரிஸ் அணிக்கு ஆடிய பெர்னார் மெண்டி ஆகிய பிரெஞ்சுத் தடுப்பாட்டக்காரர்கள் இருவரும் அந்த அணியில் இருந்தார்கள். சில்வெஸ்டர் 2006இல் பிரான்சு அணியோடு ஜெர்மனி சென்றவர். பருவத்தின் பிற்பகுதியில் நெஸ்டாவும் ஓய்வை விட்டுவிட்டு வந்து சேர்ந்தார். எந்த நெஸ்டாவின் காயத்தால் மெட்டராஸிக்கு உலகக் கோப்பையில் இடம் கிடைத்ததோ, அதே நெஸ்டா மெட்டராஸியின் அணிக்கு ஆட எட்டு ஆண்டுகளுக்குப் பிறகு சென்னைக்கு வந்தார்.

2014 அரையிறுதி

முதல் பருவத்தின் லீக் சுற்றில் சென்னை 23 புள்ளிகளோடு முதலிடம் பெற்றது. அரையிறுதியில் எதிரணி கேரளா பிளாஸ்டர்ஸ். கொச்சியில் நடந்த முதல் ஆட்டத்தில் சென்னை 0-3 என்று தோற்றது. டிசம்பர் 16 அன்று சென்னையில் மறு ஆட்டம். மூன்று கோல் தேவை.

சில்வெஸ்டர் ஒன்று போட்டார். அடுத்தது கேரளத்தின் இளம் தடுப்பாட்டக்காரர் சந்தேஷ் ஜிங்கனின் சேம்சைடு கோல். ஆட்டம் முடியும் தறுவாயில் ஜெஜே மூன்றாவதைப் போட, மொத்தக் கணக்கு 3-3. ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போனது. 117ஆவது நிமிடத்தில் கேரளத்தின் ஸ்டீபன் பியர்சன் போட்ட கோல் சென்னையை வெளியேற்றியது. பியர்சன் ஸ்காட்லாந்துக்காரர். அந்தப் பருவத்தின் கேரள அணியில் ஜேமி மெக்அலிஸ்டர் என்ற இன்னொரு ஸ்காட்லாந்துக்காரரும் இருந்தார். அவர் லிவிங்ஸ்டன், ஹார்ட்ஸ் அணிகளோடு தம் நாட்டுக் கோப்பைகளை வென்ற தடுப்பாட்டக்காரர்.

இங்கே மாணவர்கள் ஒன்றைக் கவனிக்கலாம். அன்று சேம்சைடு கோல் போட்ட ஜிங்கன் அதோடு முடங்கிப் போகவில்லை. பின்னாளில் இந்திய அணிக்குத் தலைமை தாங்கினார். 2020இல் அர்ஜுனா விருது பெற்றார்.

2015: வெள்ளமும் கோப்பையும்

இரண்டாவது பருவத்தில் மெட்டராஸி பயிற்சியாளர் பொறுப்பில் கவனம் செலுத்தினார். தொடக்கம் சரியில்லை. பருவத்தின் பாதிக்கு மேல் கடந்தபோது அணி பட்டியலின் அடியில் கிடந்தது. பயிற்சியாளரை மாற்ற வேண்டும் என்ற பேச்சு எழக்கூடிய நேரம். அதன் பிறகு தொடர் வெற்றிகள் பெற்று, மூன்றாம் இடத்தோடு அரையிறுதிக்குள் நுழைந்தது.

அதற்குள் சென்னை வேறு ஒன்றில் சிக்கியிருந்தது. அவ்வாண்டு நவம்பரில் மட்டும் நகரில் ஆயிரம் மில்லிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. ஏரிகள் நிரம்பி வழிந்தன. டிசம்பர் 1 அன்று மீண்டும் மழை பிடித்தது. மறுநாள் காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் பதிவானது 49 செ.மீ.; செம்பரம்பாக்கத்தில் 47 செ.மீ. செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து நொடிக்கு 29,000 கன அடி வரை தண்ணீர் திறக்கப்பட்டது. தாம்பரத்துக்கு மேற்கே ஆதனூர், மணிமங்கலம் பக்கத்து ஏரிகளின் உபரி நீரும் அடையாற்றில்தான் சேர்கிறது. வரதராஜபுரம், முடிச்சூர், அனகாபுத்தூர் என்று ஆற்றோரம் இருந்த ஊர்களில் தரைத்தளம் முழுவதும் நீருக்குள் போனது. மாடிகளில் நின்றவர்களைப் படகில் ஏற்றி மீட்டார்கள். விமான நிலையம் பல நாள் மூடிக் கிடந்தது. வீடுகளுக்குள் வந்தது தண்ணீர் மட்டுமன்று, சேறும் வந்தது. பிள்ளைகளின் பாடப் புத்தகங்களும் சான்றிதழ்களும் மொட்டை மாடிகளில் காய்ந்துகொண்டிருந்த நாட்கள் அவை.

அந்த நிலையில் சென்னையில் அரையிறுதி நடத்த வழியில்லை. சென்னை அணியின் சொந்த மைதான ஆட்டம் புனே நகரத்துக்கு மாற்றப்பட்டது. டிசம்பர் 12 அன்று, தன் ஊர்க்காரர்கள் வர முடியாத அரங்கத்தில், நடப்பு சாம்பியனான அட்லெடிகோ டி கொல்கத்தாவைச் சென்னை 3-0 என்று வென்றது. கோல் போட்டவர்கள் புரூனோ பெலிசாரி, ஜெஜே, ஸ்டீவன் மெண்டோசா. கொல்கத்தாவில் நடந்த மறு ஆட்டத்தில் 1-2 என்று தோற்றாலும் மொத்தக் கணக்கில் 4-2 என்று இறுதிக்குள் போனது.

இறுதி ஆட்டம் டிசம்பர் 20 அன்று கோவாவின் ஃபதோர்டா அரங்கத்தில். எதிரணி எஃப்.சி. கோவா, மைதானம் அவர்களுடையது, கூட்டமும் அவர்களுடையது. 54ஆவது நிமிடத்தில் மெண்டோசா உதைத்த பெனால்ட்டியைக் கோல்கீப்பர் லட்சுமிகாந்த் கட்டிமணி தடுத்தார். திரும்பி வந்த பந்தைப் பெலிசாரி உள்ளே தள்ளினார். சில நிமிடங்களில் கோவா சமன் செய்தது. 87ஆவது நிமிடத்தில் ஜோஃப்ரே அடித்த ஃப்ரீ கிக் கோவாவுக்கு 2-1 என்று முன்னிலை தந்தது. ஆட்டம் முடிந்துவிட்டதாகவே தோன்றியது.

90ஆவது நிமிடம். கோல் முகத்தில் நடந்த நெரிசலில் பந்து கட்டிமணியின் மேல் பட்டு உள்ளே போனது, சேம்சைடு கோல். கூடுதலாகக் கொடுத்த நேரத்தின் இரண்டாவது நிமிடத்தில் மெண்டோசா மூன்றாவது கோலைப் போட்டார். 3-2. அந்தப் பருவத்தில் அது அவருடைய 13ஆவது கோல், லீக்கிலேயே அதிகம். சென்னை அணி அந்த வெற்றியை வெள்ளத்தில் தவித்த தன் நகர மக்களுக்குக் காணிக்கையாக்கியது.

கோப்பை வந்ததால் யாருடைய வீட்டுச் சேறும் வெளியேறிவிடவில்லை. போன உயிர்களும் திரும்பவில்லை. அதை ஆறுதல் என்று பெரிதாக எழுதுவது அந்த மாதத்தை அனுபவித்தவர்களுக்குச் செய்யும் நியாயம் ஆகாது. ஆனால் அந்த நாட்களில் சென்னை என்ற பெயர் செய்திகளில் மூழ்கிய ஊர் என்ற பொருளில் மட்டுமே வந்துகொண்டிருந்தது. அன்று இரவு அதே பெயர் வேறொரு பொருளிலும் உச்சரிக்கப்பட்டது. அதற்குமேலும் இல்லை, அதற்குக் குறைவும் இல்லை.

புறப்பாடும் அதற்குப் பிறகும்

2016 பருவத்தில் சென்னை ஏழாம் இடத்துக்குச் சரிந்தது. 2017 மார்ச்சில் மெட்டராஸி அணியை விட்டு விலகினார். அடுத்து வந்த இங்கிலாந்துப் பயிற்சியாளர் ஜான் கிரெகரியின் காலத்தில், 17 மார்ச் 2018 அன்று பெங்களூரில் சென்னை இரண்டாவது முறை கோப்பையை வென்றது. அந்த இறுதி ஆட்டமும் 3-2. சென்னையின் முதல் இரண்டு கோலையும் தலையால் முட்டிப் போட்டவர் பிரேசில் நாட்டு மெயில்சன் ஆல்வெஸ். அவரும் தடுப்பாட்டக்காரர்; மெட்டராஸியின் 2015 அணியிலும் ஆடியவர். அதற்கு முந்தைய அரையிறுதியில் ஒரு கோல் போட்டவர் வியாசர்பாடிப் பையன் தனபால் கணேஷ்.

வால்டர் ஸ்மித்திடம் தொடங்கிய ஸ்காட்லாந்து இழை சென்னையிலும் தொடர்ந்தது. ஸ்காட்லாந்தின் பெய்ஸ்லி நகரில் பிறந்த ஓவன் காயில் 2019 டிசம்பரில் பயிற்சியாளராக வந்து, தடுமாறிக்கொண்டிருந்த அணியை அதே பருவத்தின் இறுதி ஆட்டம் வரை கொண்டுசென்றார். 2020 மார்ச்சில் கொரோனா அச்சத்தால் பார்வையாளர் இல்லாமல் நடந்த அந்த ஆட்டத்தில் சென்னை தோற்றது. 2023இல் காயில் மீண்டும் வந்தபோது, டண்டீ யுனைடெட் அணித்தலைவராக இருந்த ரயன் எட்வர்ட்ஸ் என்ற இங்கிலாந்துத் தடுப்பாட்டக்காரரும், ஸ்காட்லாந்தின் மதர்வெல் அணியிலிருந்து கானர் ஷீல்ட்ஸும் சென்னை அணியில் சேர்ந்தார்கள். ஸ்மித் ஒரு காலத்தில் ஸ்டாப்பராக நின்றதும் அந்த டண்டீ யுனைடெட்டில்தான்.

மதிப்பீடு

மெட்டராஸி நல்லவரா கெட்டவரா என்ற கேள்விக்கு ஒரு வரியில் விடை இல்லை. வாய் காக்கத் தெரியாதவர். சிவப்பு அட்டைகள் வாங்கியவர். கீழ்நிலை அணிகளிலிருந்து மேலே வந்து உலகக் கோப்பையைத் தொட்டவரும் அவர்தான். பெனால்ட்டி கொடுத்த பிறகு பன்னிரண்டே நிமிடத்தில் கோல் போட்டு அதை ஈடுகட்டியவர். தோற்றுக்கொண்டிருந்த அணியை, ஊர் மூழ்கிக் கிடந்த மாதத்தில், இறுதி வரை நடத்திச் சென்றவர். ஒன்றைச் சொல்லி மற்றொன்றை விட்டால் அது அரைகுறை வரலாறு.

வரலாற்றுப் பாடத்தில் மாணவர்கள் எளிதில் செய்யும் தவறு, ஒரு படத்தைப் பார்த்துவிட்டு ஒரு மனிதரை அறிந்துவிட்டதாக நினைப்பது. மெட்டராஸி கீழே விழும் படத்தைப் பார்த்தவர்கள் கோடிக்கணக்கானோர். விழுந்தவர் எழுந்து, சிறிது நேரத்தில் பெனால்ட்டியைப் பிசகாமல் உதைத்ததை எத்தனை பேர் நினைவில் வைத்திருக்கிறார்கள்? தடுப்பாட்டக்காரர் எவரும் விழாமல் இருக்க முடியாது. விழுந்த பிறகு அவர் என்ன செய்தார் என்பதையும் சேர்த்தே எழுத வேண்டும்.